காலத்தில் பின்னோக்கிப் போனால் முரண்பாடு வருமா? நிலையான காலவளையங்கள் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

காலவளையம் என்று எதைச் சொல்கிறோம்?

ஒரு பாதையில் போய்க்கொண்டே இருக்கிறீர்கள். கைக்கடிகாரம் ஒழுங்காக முன்னோக்கித்தான் ஓடுகிறது. எந்த இடத்திலும் ஒளியின் வேகத்தை நீங்கள் தாண்டவில்லை. ஆனால் பாதை முடியும்போது, புறப்பட்ட அதே இடத்தில், புறப்பட்ட அதே நேரத்தில் நிற்கிறீர்கள். இயற்பியலில் இதற்கு மூடிய காலப்பாதை என்று பெயர். கதைகளில் காலவளையம், டைம் லூப் என்கிறோம்.

ஒரே நாள் திரும்பத் திரும்ப விடிந்து, நாயகனுக்கு மட்டும் பழைய நினைவு தங்கும் கதைகள் வேறு வகை. அங்கே ஒவ்வொரு சுற்றும் வேறு வேறாக நடக்கிறது. இங்கே பேசுவது ஒரே ஒருமுறை நடந்து, தன்னைத் தானே சரியாகப் பூட்டிக்கொள்ளும் நிலையான வளையத்தைப் பற்றி.

சமன்பாடுகளில் இதற்கு இடம் உண்டா, இல்லை வெறும் கற்பனையா?

இடம் உண்டு. ஐன்ஸ்டைன் 1915-ல் முடித்த பொதுச் சார்பியல் கோட்பாட்டில் பருப்பொருள் இருக்கும் விதத்தைப் பொறுத்துக் காலமும் வெளியும் வளைகின்றன. எவ்வளவு வரை வளையலாம் என்பதற்கு அந்தச் சமன்பாடுகள் வரம்பு எதுவும் போடவில்லை. முடிவில்லாத நீளமுள்ள, சுழலும் தூசி உருளைக்குக் கணிதவியலாளர் வான் ஸ்டாக்கம் 1937-ல் கண்ட தீர்வில் மூடிய காலப்பாதைகள் இருந்தன. இப்படிப்பட்ட பாதைகளை வெளிச்சத்துக்குக் கொண்டுவந்தவர் குர்த் கோடெல். கணித தர்க்கத்தில் முழுமையின்மைத் தேற்றங்களைத் தந்தவர். பிரின்ஸ்டனில் ஐன்ஸ்டைனோடு தினமும் பேசிக்கொண்டே நடந்து வீடு திரும்பிய நண்பர். ஐன்ஸ்டைனின் 70-வது பிறந்தநாளை ஒட்டி, 1949-ல், மொத்தமாகச் சுழலும் ஒரு பிரபஞ்சத்தின் தீர்வை அவர் வெளியிட்டார். அந்தப் பிரபஞ்சத்தில் எந்தப் புள்ளியிலிருந்து கிளம்பினாலும் தன் கடந்தகாலத்துக்குத் திரும்பும் பாதை ஒன்று உண்டு.

கோட்பாட்டை உருவாக்கிய காலத்திலேயே இந்தச் சிக்கல் தன்னை உறுத்தியது என்று ஐன்ஸ்டைன் பதில் எழுதினார். இயற்பியல் காரணங்களைக் காட்டி இத்தகைய தீர்வுகளை விலக்க வேண்டுமா என்று பார்க்க வேண்டும் என்றும் சொன்னார். நம் பிரபஞ்சம் விரிகிறது. கோடெலின் பிரபஞ்சம் போல அது சுழல்வதாக எந்த அவதானிப்பும் காட்டவில்லை. ஆகவே அவருடைய தீர்வு நம் வீட்டு முகவரி அல்ல. ஆனாலும் கேள்வி அதோடு ஓயவில்லை.

புழுத்துளையை வைத்து எப்படி டைம் மெஷின் செய்வது?

1985-ல் வானியலாளர் கார்ல் சேகன் ஒரு நாவல் எழுதிக்கொண்டிருந்தார். கதாநாயகி தொலைதூர நட்சத்திரத்துக்குச் சீக்கிரம் போக நம்பும்படியான வழி வேண்டும் என்று கால்டெக்கில் இருந்த இயற்பியலாளர் நண்பர் கிப் தோர்னிடம் கேட்டார். கருந்துளை சரிவராது, புழுத்துளையாக, அதாவது வெளியின் இரண்டு இடங்களை இணைக்கும் குறுக்குச் சுரங்கமாக, இருக்கட்டும் என்றார் தோர்ன். நாவலுக்காகப் போட்ட கணக்கு 1988-ல் மைக்கேல் மோரிஸோடு சேர்ந்து ஆய்வுக்கட்டுரை ஆயிற்று. அதே ஆண்டு உல்வி யுர்ட்செவரும் சேர்ந்துகொள்ள, மூவரும் புழுத்துளையைக் காலப்பயணத்துக்கும் பயன்படுத்தலாம் என்று காட்டினார்கள்.

கணக்கு இப்படி. புழுத்துளைக்கு இரண்டு வாய்கள். ஒன்று பூமியில் இருக்கட்டும். மற்றதை 2000-ஆம் ஆண்டில் ஒளியின் வேகத்துக்கு நெருக்கமாக ஓட்டிச் சென்று திரும்பக் கொண்டுவருகிறோம். பூமியில் 10 ஆண்டு கழிந்து 2010 ஆகிவிட்டது. வேகமாக ஓடும் கடிகாரம் மெதுவாக நடக்கும் என்பதால், ஓடிய வாயின் கடிகாரத்தில் 1 ஆண்டுதான் போயிருக்கிறது. அது 2001 என்று காட்டுகிறது. ஆனால் துளைக்குள் எட்டிப் பார்த்தால் இரண்டு வாய்களின் கடிகாரங்களும் எப்போதும் ஒன்றையே காட்டும். ஆகவே 2010-ல் ஓடிவந்த வாய்க்குள் நுழைபவர், பூமியில் இருந்த வாய் வழியாக 2001-ல் வெளியே வருவார். 9 ஆண்டு பின்னால்.

கவனியுங்கள், 2001-க்கு முன்னால் அவரால் போகவே முடியாது. இந்த வகை மெஷின் எதுவானாலும், அது உருவாவதற்கு முந்தைய காலத்துக்குக் கதவு திறக்காது. இன்னொரு தடையும் உண்டு. புழுத்துளை மூடிக்கொள்ளாமல் இருக்க எதிர்மறை ஆற்றல், அதாவது வெற்று வெளியில் இருப்பதைவிடவும் குறைவான ஆற்றல், வேண்டும். 1948-ல் காசிமிர் கணித்த விளைவில், மிக நெருக்கமாக வைத்த இரண்டு உலோகத் தகடுகளுக்கு இடையே அப்படிப்பட்ட ஆற்றல் துளியளவு கிடைக்கிறது. மனிதர் நுழையும் துளைக்கு வேண்டிய அளவு எங்கும் கிடைத்ததில்லை.

எதிர்காலத்துக்குப் போவதில் முரண்பாடு வராதா?

வராது. அது தினமும் நடக்கிறது. யாருடைய கடிகாரம் மெதுவாக ஓடுகிறதோ அவர் மற்றவரின் எதிர்காலத்துக்குப் போய்ச் சேர்கிறார். ஜிபிஎஸ் செயற்கைக்கோள்களின் கடிகாரங்கள் தரையில் உள்ளவற்றைவிட நாளொன்றுக்குச் சுமார் 38 மைக்ரோ நொடி முந்துகின்றன. அதைத் திருத்தாவிட்டால் உங்கள் போனில் மேப் தப்பாகக் காட்டும். சிக்கல் முழுக்கப் பின்னோக்கிப் போவதில்தான்.

தாத்தா முரண்பாடு என்பது என்ன?

பேரன் பின்னோக்கிப் போய், தன் அப்பா பிறக்கும் முன்பே தாத்தாவைக் கொன்றுவிடுகிறான். அப்படியானால் பேரன் பிறக்கவில்லை. பிறக்காதவன் போய்க் கொல்லவும் முடியாது. தாத்தா பிழைக்கிறார், பேரன் பிறக்கிறான், மறுபடியும் கிளம்புகிறான்.

நோவிகோவின் தன்னிசைவுக் கோட்பாடு இதற்கு என்ன பதில் சொல்கிறது?

சோவியத் இயற்பியலாளர் இகோர் நோவிகோவ் 1970-களிலிருந்தே இதைச் சொல்லிவந்தார். 1990-ல் தோர்ன் உள்ளிட்ட ஏழு பேர் சேர்ந்து எழுதிய கட்டுரையில் அது தெளிவான வடிவம் பெற்றது. சாரம் இதுதான்: காலவளையம் உள்ள உலகில், தனக்குத்தானே முரண்படாத வரலாறுகள் மட்டுமே இயற்பியல் விதிகளின் தீர்வுகள்.

கடந்தகாலத்துக்குப் போனவர் அங்கே கை கட்டி வேடிக்கை பார்க்க வேண்டும் என்று இதற்குப் பொருள் இல்லை. அவர் பேசலாம், இடிக்கலாம், தீ வைக்கலாம். ஆனால் அவர் செய்யும் எல்லாமே முதலிலிருந்தே அந்தக் கடந்தகாலத்தின் பகுதி. கடந்தகாலத்தில் பங்கெடுக்கலாம், நடந்ததை நடக்காததாக்க முடியாது.

மனிதனை விடுங்கள். ஜடப்பொருள் முரண்பட்டால்?

இந்தக் கேள்வியைத்தான் இயற்பியலாளர் ஜோசப் போல்சின்ஸ்கி கடிதத்தில் எழுதித் தோர்னுக்கு அனுப்பினார். எனக்குத் தெரிந்து இந்தத் துறையில் கேட்கப்பட்ட கேள்விகளிலேயே மிகக் கூர்மையானது இதுதான். கொலை, மனசு, விருப்பம் எதுவும் இல்லை. ஒரு பில்லியர்ட்ஸ் பந்து புழுத்துளையின் ஒரு வாய்க்குள் உருண்டு போகிறது. மறுவாய் வழியாகக் கொஞ்ச நேரம் முன்னதாக வெளியே வருகிறது. வந்த வேகத்தில், துளைக்குள் போகவிருக்கும் தன்னையே இடித்துத் தள்ளிவிடுகிறது. இடிபட்ட பந்து துளைக்குள் போகவில்லை. அப்படியானால் இடித்தது யார்?

தோர்னின் மாணவர்கள் பெர்னாண்டோ எச்செவெரியாவும் குன்னர் கிளிங்ஹாமரும் உட்கார்ந்து கணக்குப் போட்டார்கள். விடை எளிமையாக இருந்தது. கேரம் விளையாடியவர்களுக்கு உடனே பிடிபடும்: ஸ்ட்ரைக்கர் காயின் நடுவில் பட்டால் காய் பறக்கும், ஓரத்தில் லேசாக உரசினால் காய் கொஞ்சமாகத்தான் திசை மாறும். பந்துக்கும் அதேதான். துளையிலிருந்து வரும் பந்து நேராக வருவதில்லை, சற்றுக் கோணலாக வருகிறது. அதனால் மோதல் பலமாக இல்லை, ஓர் உரசல்தான். உரசப்பட்ட பந்து சற்றே திசை மாறினாலும் துளைக்குள் போய்விடுகிறது. ஆனால் சற்றுக் கோணலாகப் போகிறது. அப்படிக் கோணலாக நுழைந்ததால்தான் வெளியே வரும்போதும் கோணலாக வந்தது.

வளையம் பிசிறில்லாமல் மூடிவிட்டது. 1991-ல் வெளியான அந்தக் கட்டுரையில் இன்னும் ஒன்று இருந்தது. போல்சின்ஸ்கி சொன்ன அதே தொடக்க நிலைக்கு முரண்படாத தீர்வு ஒன்று இரண்டல்ல, எண்ணற்றவை கிடைத்தன. தீர்வே இல்லாமல் போகும் என்று பயந்த இடத்தில் தீர்வுகள் குவிந்தன. பந்தை இன்ன வேகத்தில், இன்ன திசையில் உருட்டினால் இன்னதுதான் நடக்கும் என்பது பழைய இயற்பியலின் அடிப்படை. அது இங்கே உடைகிறது. எண்ணற்ற தீர்வுகளில் எது நடக்கும் என்று அந்த விதிகளால் சொல்ல முடியவில்லை. என்னைக் கேட்டால், காலவளையங்களின் உண்மையான தலைவலி தாத்தா அல்ல, இதுதான்.

சரி, ஆனால் "முதல் சுற்றில்" என்னதான் நடந்தது? முதல்முறை பந்தை இடிக்க யாரும் வந்திருக்க மாட்டார்களே?

முதல் சுற்று என்று ஒன்று இல்லை. குழப்பங்களில் முக்கால்வாசி இங்கேதான் பிறக்கிறது என்பதால் கொஞ்சம் நின்று பார்ப்போம்.

ஓர் எண்ணை ஒரு மணி நேரம் பின்னால் அனுப்பும் கருவி உங்களிடம் இருக்கிறது. ஒன்பது மணிக்குத் திரையில் ஓர் எண் வரும். அதைப் பாதியாக்கி, 3 கூட்டி, பத்து மணிக்கு அனுப்புவது என்று தீர்மானித்திருக்கிறீர்கள். ஒன்பது மணிக்கு என்ன எண் வரும்? வந்த எண்ணும் அனுப்பும் எண்ணும் ஒன்றாக இருக்க வேண்டும். அந்த நிபந்தனைக்குப் பொருந்துவது 6 மட்டுமே. 6-ன் பாதி 3, அதோடு 3 கூட்டினால் 6. ஒன்பது மணிக்கு 6 வந்தது, பத்து மணிக்கு 6 போனது. ஒரே ஒருமுறை.

நாம் 0-வில் தொடங்கி 3, 4.5, 5.25 என்று படிப்படியாக 6-ஐ நெருங்கலாம். அது விடையைத் தேட நாம் போடும் கணக்கு. உலகில் அந்தச் சுற்றுகள் நடக்கவில்லை.

வந்த எண்ணோடு 1 கூட்டி அனுப்பினால்? அதற்கு விடையே கிடையாதே?

நல்ல பிடி. தன்னோடு 1 கூட்டினால் தானே ஆகும் எண் எதுவும் இல்லை. ஆனால் நிஜக் கருவிக்கு எல்லை உண்டு. 0 முதல் 10 வரை நகரும் ஒரு முள் என்று வையுங்கள். முள் 10-ல் வந்து நிற்கும்; நீங்கள் 11-க்குத் தள்ளப் பார்ப்பீர்கள்; முள் நகராது; 10-தான் போகும். வளையம் மூடிவிட்டது. இரு முனைகளுக்குள் அடங்கிய அளவை அதே முனைகளுக்குள் இடைவெளி இல்லாமல், தாவாமல் மாற்றும் எந்த விதிக்கும் மாறாமல் நிற்கும் ஒரு புள்ளியாவது இருந்தே தீரும். இது நிரூபணமான கணிதம்.

"வந்தால் அனுப்பாதே, வராவிட்டால் அனுப்பு" என்று ஸ்விட்ச் வைத்தால்? உண்மையான ஸ்விட்ச் எதுவும் ஒரேயடியாகத் தாவுவதில்லை; பாதி மூடிய நிலை ஒன்று நடுவில் இருக்கும். ஜான் வீலரும் ரிச்சர்ட் ஃபைன்மனும் 1949-லேயே, காலத்தில் பின்னோக்கிச் செல்லும் மின்காந்தச் செல்வாக்கைப் பற்றி எழுதியபோது, இதே வழியில் முரண்பாட்டைத் தீர்த்தார்கள். அவர்கள் உதாரணத்தில், பாயும் குண்டின் விளைவே காலத்தில் பின்னோக்கிப் போய் அதன் வழியில் ஒரு கதவை மூடப் பார்க்கிறது. கதவு குண்டை முழுதாக மறிக்கவும் இல்லை, முழுதாக விடவும் இல்லை, ஓர் உரசல். போல்சின்ஸ்கியின் பந்துக்கு நாற்பது ஆண்டு முன்பே அதன் விடை எழுதி வைக்கப்பட்டிருந்தது.

இதோடு பிரச்சினை தீர்ந்தது என்று சொல்லிவிட முடியாது. முனைகள் இல்லாத, கடிகார முகம் போன்ற வட்ட டயலை எடுங்கள். "வந்த இடத்திலிருந்து ஒரு பாகம் நகர்த்தி அனுப்பு" என்பது விதி. தாவல் இல்லை, முட்டி நிற்க எல்லையும் இல்லை, மாறாமல் நிற்கும் இடமும் இல்லை. அப்படியொரு கருவியை வளையத்தில் சேர்த்தால் என்ன ஆகும் என்று கேட்டால், அந்தக் கருவி எங்காவது பழுதாகும், அல்லது அங்கே போய்ச் சேரவே சேராது என்றுதான் நோவிகோவின் கோட்பாடு சொல்ல வேண்டியிருக்கிறது. இங்கே அது எனக்குப் பலவீனமாகத் தெரிகிறது.

குவாண்டம் இயற்பியல் இதைக் காப்பாற்றுமா?

இயற்பியலாளர் டேவிட் டாய்ச் 1991-ல் காட்டிய வழி இது. வளையத்தில் சுற்றும் பொருளின் குவாண்டம் நிலை, நுழையும்போதும் வரும்போதும் ஒன்றாக இருந்தால் போதும் என்றார். 0 வந்தால் 1, 1 வந்தால் 0 அனுப்பும் கருவிக்குச் சாதாரண விடை இல்லை. ஆனால் பாதிக்குப் பாதி 0, பாதிக்குப் பாதி 1 என்ற கலப்பு நிலையைத் தலைகீழாக்கினால் அதே கலப்புதான் கிடைக்கும். வட்ட டயலுக்கும் இது பொருந்தும்: எல்லா இடத்திலும் சமமாகப் பரவிய நிலையை எவ்வளவு சுழற்றினாலும் அது மாறாது. எந்த அமைப்புக்கும் இப்படி ஒரு விடையாவது உண்டு என்று டாய்ச் நிரூபித்தார். நடக்கக்கூடிய ஒவ்வொன்றும் தனித்தனி உலகக் கிளையில் நடக்கிறது என்ற 'பல உலகங்கள்' விளக்கத்தை ஏற்பவர் அவர். அவர் பார்வையில் பேரன் வேறொரு கிளையில் உள்ள தாத்தாவைத்தான் சந்திக்கிறான்.

சேத் லாயிடும் குழுவினரும் 2011-ல் வேறு வழி சொன்னார்கள். முரண்பாட்டில் முடியும் வரலாறுகளின் நிகழ்தகவு பூஜ்யம். மிச்சமுள்ளவற்றின் நிகழ்தகவு அதற்கேற்ப உயரும். குறி தப்பாத துப்பாக்கியில் ஏதோ கோளாறு வரும், தோட்டா விலகும். எத்தனை அரிதான தற்செயலானாலும் அதுதான் நடக்கும்.

இரண்டுமே ஒளித்துகள்களை வைத்து ஆய்வகத்தில் பாவனை செய்து பார்க்கப்பட்டிருக்கின்றன. டாய்ச் மாதிரியைக் குவீன்ஸ்லாந்து பல்கலைக்கழகக் குழு 2014-ல் செய்தது. "விஞ்ஞானிகள் ஒளியைக் கடந்தகாலத்துக்கு அனுப்பினார்கள்" என்று வந்த செய்திகளை நம்ப வேண்டாம். எதுவும் பின்னால் போகவில்லை. போயிருந்தால் கணக்கு எப்படி இருக்கும் என்பதை வேறொரு அமைப்பில் நடித்துக் காட்டினார்கள், அவ்வளவுதான்.

அப்படியானால் எனக்குச் சுய விருப்பம் இல்லையா?

ஜெர்மைன் டோபாரும் ஃபாபியோ கோஸ்டாவும் 2020-ல் வெளியிட்ட கணக்கு இங்கே ஆறுதல் தருகிறது. வளையம் ஓடும் வெளியில் பல இடங்களில் பலர் இருக்கிறார்கள். ஒவ்வொருவரும் தன் இடத்தில் விரும்பியதைச் செய்யலாம். அப்படியும் மொத்த வரலாறு முரண்படாமல் இருக்கும் அமைப்புகள் உண்டு என்று நிறுவினார்கள். அவர்கள் சொன்ன உதாரணம் கொள்ளைநோயின் முதல் நோயாளி. அவருக்குத் தொற்றாமல் தடுக்கப் பின்னால் போகிறீர்கள். தடுத்தும் விடுகிறீர்கள். ஆனால் அந்த முயற்சியில் உங்களுக்கே தொற்றிவிடுகிறது, அல்லது வேறொருவருக்கு. நோய் பரவுகிறது, நீங்கள் கிளம்பிய காரணம் அப்படியே இருக்கிறது.

யாருமே எழுதாத கவிதை, யாருமே செய்யாத கடிகாரம்: இவை சாத்தியமா?

முதுமையில் உங்கள் கையில் இருக்கும் கைக்கடிகாரத்தை இளவயது உங்களிடம் கொடுக்கிறீர்கள். அதை ஆயுள் முழுக்கக் கட்டி, முதுமையில் திரும்பக் கொண்டுபோய்க் கொடுக்கிறீர்கள். செய்தவர் யாரும் இல்லை. லோசெவும் நோவிகோவும் 1992-ல் இத்தகைய பொருள்களுக்கு ஜின் என்று பெயர் வைத்தார்கள்.

பொருள் என்றால் ஒரு கடுமையான நிபந்தனை வந்துவிடும். நாற்பது வருடம் கையில் கிடந்த கடிகாரத்தில் கீறல் விழும், வார் நைந்துபோகும். கொடுக்கும்போது அது வாங்கியபோது இருந்த நிலைக்கே, அணு பிசகாமல், திரும்பியிருக்க வேண்டும். வெளியிலிருந்து ஆற்றல் செலவழித்து யாராவது அதைப் புதுப்பித்தாக வேண்டும். விதிகள் இதைத் தடுக்கவில்லை. ஆனால் நடப்பது மிக அரிது.

தகவலுக்குத் தேய்மானம் இல்லை, அதனால்தான் அது இன்னும் சங்கடமானது. பாடப்புத்தகத்தில் இருக்கும் ஒரு தேற்றத்தின் நிரூபணத்தை, அதைக் கண்டுபிடித்தவரிடமே பின்னால் போய்க் கொடுக்கிறீர்கள். அவர் அதை வெளியிடுகிறார். அது பாடப்புத்தகத்தில் ஏறுகிறது. முரண்பாடு எதுவும் இல்லை. ஆனால் யாரும் யோசிக்கவில்லை. அறிவு என்பது யாரோ முயன்று, தப்பு செய்து, திருத்தி வருவது என்று நம்புகிறவன் நான். டாய்ச்சும் இதை ஏற்கவில்லை. அறிவு படிப்படியாக வளர்ந்துதான் தோன்ற முடியும் என்று தன் 1991 கட்டுரையிலேயே வாதிட்டார். நோவிகோவின் கோட்பாடு மட்டும் இதைத் தடுக்காது.

கணினியிலும் இது எதிரொலிக்கிறது. டாய்ச் வகை வளையம் கையில் இருந்தால் சாதாரணக் கணினியும் குவாண்டம் கணினியும் சம பலம் பெற்றுவிடும், இன்று எட்டாத மிகக் கடினமான கணக்குகளையும் விரைவில் போட்டுவிடும் என்று ஸ்காட் ஆரன்சனும் ஜான் வாட்ரஸும் 2009-ல் நிரூபித்தார்கள்.

ஹாக்கிங் இதையெல்லாம் மறுத்தார் அல்லவா?

வளையம் உருவாவதையே இயற்கை தடுத்துவிடும் என்று ஸ்டீபன் ஹாக்கிங் 1992-ல் ஒரு கருதுகோளை முன்வைத்தார். டைம் மெஷின் உருவாகும் விளிம்பில் வெற்றிடத்தின் குவாண்டம் அதிர்வுகள் தம்மேலேயே குவிந்து மெஷினை அழித்துவிடும் என்பது அவர் எண்ணம். அந்த விளிம்பில் இன்றைய குவாண்டம் புலக் கோட்பாடு வேலை செய்யாமல் போகிறது என்று கே, ராட்ஸிகோவ்ஸ்கி, வால்டு மூவரும் 1997-ல் நிறுவினார்கள். மெஷின் அழிகிறது என்று அது நிரூபிக்கவில்லை. அங்கே என்ன நடக்கும் என்று சொல்ல ஈர்ப்பையும் குவாண்டத்தையும் இணைக்கும் கோட்பாடு வேண்டும். அது இன்னும் நம்மிடம் இல்லை.

2009 ஜூன் 28 அன்று கேம்பிரிட்ஜில் ஹாக்கிங் காலப்பயணிகளுக்கு விருந்து வைத்து, முடிந்த பிறகுதான் அழைப்பிதழை வெளியிட்டார். யாரும் வரவில்லை. இதை ஆதாரமாகக் காட்டுபவர்கள் உண்டு. ஆனால் புழுத்துளைக் கணக்கை நினைவுபடுத்திக்கொள்ளுங்கள். மெஷின் உருவாவதற்கு முந்தைய தேதிக்கு யாராலும் வர முடியாது. 2009-ல் மெஷின் இல்லை.

கதை எழுதுகிறேன். என் காலவளையம் நிலையானதா என்று எப்படிச் சரிபார்ப்பது?

நிகழ்ச்சிகளை வாசகர் படிக்கும் வரிசையில் பார்க்காதீர்கள். ஒவ்வொரு பாத்திரமும் ஒவ்வொரு பொருளும் தன் கடிகாரப்படி எந்த வரிசையில் எதைக் கடந்தது என்று தனித்தனிக் கோடாக எழுதுங்கள். இரண்டு கோடுகள் சந்திக்கும் இடத்தில், இரண்டு பேர் பார்த்ததும் பொருந்த வேண்டும். இளைஞன் கதவிடுக்கில் பார்த்த கிழவரின் வலது கையில் கட்டு இருந்தால், அவனே கிழவராகி அங்கே போய் நிற்கும்போதும் வலது கையில் கட்டு இருந்தாக வேண்டும்; கட்டுக்கான காயம் அதற்கு முன்பே பட்டிருக்க வேண்டும்.

"முதல்முறை இப்படி நடந்தது, பிறகு அவன் மாற்றினான்" என்று எங்காவது எழுதியிருந்தால் அது நிலையான வளையம் அல்ல. டாய்ச் வழியில் கிளைகளுக்குப் போய்விட்டீர்கள். போகலாம், ஆனால் கடைசிவரை அங்கேயே இருங்கள். கையிலிருந்து கைக்குச் சுற்றும் பொருள் இருந்தால் அதன் தேய்மானத்தைக் கணக்கில் எடுங்கள். சுற்றுவது தகவல் என்றால், அதை யோசித்தவர் ஒருவரைக் கதைக்குள் எங்காவது வையுங்கள், அல்லது யாருமே யோசிக்கவில்லை என்பதைப் பாத்திரங்களில் ஒருவராவது கவனித்துத் திடுக்கிடட்டும். மெஷின் எந்தத் தேதியில் முதலில் இயங்கியது என்பதையும் குறித்து வைத்துக்கொள்ளுங்கள். அதற்கு முன்னால் யாரையும் அனுப்பாதீர்கள்.